மதுரை வீரன் யார் பிள்ளை?

(திண்டுக்கல்லில் நடந்த வாசகர் வட்டக் கூட்டம் ஒன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)



கிரேக்கத் தொன்மங்களில் குடும்ப உறவுகள் பற்றிப் பேசச் சொல்லி என்னை அழைத்தீர்கள். யார் யாருக்கு மகன், யார் யாருக்கு மனைவி என்று ஒரு வம்சப் படம் வரைந்து காட்டிவிட்டுப் போய்விடலாம். ஆனால் திண்டுக்கல்லில் நின்றுகொண்டு அதை மட்டும் பேச எனக்கு மனம் வரவில்லை. இங்கே கண்மாய்க் கரையிலும் சேரி முனையிலும் முறுக்கிய மீசையும் கையில் வாளுமாக மதுரை வீரன் நிற்கிறார். ஒரு பக்கம் பொம்மி, மறுபக்கம் வெள்ளையம்மாள். அவர் யாருக்குப் பிறந்தவர் என்ற கேள்வி, சாதி எப்படி வேலை செய்கிறது என்பதை நமக்குக் காட்டிக் கொடுக்கும். கிரேக்கத்தில் தொடங்கி அவரிடம் வருகிறேன்.

ஈடிபஸ் தீப்ஸ் நகரத்து அரசன் மகன். இவன் அப்பனைக் கொல்வான் என்று குறி சொன்னதால், பிறந்த குழந்தையின் கணுக்காலைத் துளைத்து மலையில் விட்டுவிடச் சொல்லி மேய்ப்பனிடம் கொடுக்கிறார்கள். மேய்ப்பன் இரக்கப்பட்டுக் காப்பாற்றுகிறான். பாரிஸ், டிராய் அரசன் மகன். அவனையும் ஐடா மலையில் போடுகிறார்கள்; மேய்ப்பன் வளர்க்கிறான். பெர்சியஸ், சீயஸ் கடவுளுக்கும் டானே என்ற இளவரசிக்கும் பிறந்தவன். தாயையும் பிள்ளையையும் பெட்டியில் அடைத்துக் கடலில் விடுகிறார்கள். டிக்டிஸ் என்ற மீனவன் கரையேற்றுகிறான். அந்த மீனவனையும் மீனவனாக விடவில்லை. அவன் அந்தத் தீவின் அரசனுக்குத் தம்பி என்கிறது கதை!

ஃப்ராய்டின் சீடர் ஓட்டோ ராங்க் 1909-இல் இப்படிப்பட்ட கதைகளை ஒன்றுசேர்த்து ஒரு நூல் எழுதினார். உயர்ந்த இடத்தில் பிறப்பு, கைவிடப்படுதல், எளியவர் வீட்டில் வளர்ப்பு, கடைசியில் தன் பிறப்பிடத்துக்குத் திரும்புதல் என்பது அவர் கண்ட பொது வடிவம். நம்முடைய கர்ணனும் அதில் உண்டு. மதுரை வீரன் இல்லை.

ஆனால் வீரன் கதையும் அப்படித்தான் தொடங்குகிறது. காசி ராஜாவுக்குப் பிள்ளை மாலை சுற்றிப் பிறக்கிறது. அது குடிக்கு ஆகாது என்று சோதிடர்கள் சொல்ல, காட்டில் விடுகிறார்கள். அருந்ததியரான சின்னானும் செல்லியும் கண்டெடுத்து வளர்க்கிறார்கள். வளர்ந்த வீரன், பாளையக்காரர் பொம்மண்ண நாயக்கர் மகள் பொம்மியைக் காதலித்து அழைத்துப் போகிறான். கடைசியில் மதுரையில், திருமலை நாயக்கர் ஆட்சியில், வெள்ளையம்மாளை நேசித்ததற்காக மாறுகால் மாறுகை வாங்கப்படுகிறான்.

சிறு வயதில் எங்கள் தெருக் கும்பிடு ஒன்றில் உடுக்கைக்காரர் காசி ராஜா கதையைப் பாடிக்கொண்டிருந்தார். பக்கத்தில் வெற்றிலை மென்றுகொண்டிருந்த என் அவ்வா, “செல்லி பெத்த புள்ளைய எவனோ ஒருத்தன் கணக்குல எழுதிட்டானுக” என்றது. நாங்கள் வீட்டில் தெலுங்கு பேசுகிறவர்கள், தெலுங்கில்தான் சொன்னது. “பாட்டுல அப்படித்தான அவ்வா இருக்கு?” என்றேன். “அடி போடி, அந்தப் பாட்ட எவன் வீட்டுத் திண்ணையில உக்காந்து கட்டுனானோ!” என்றது. நான் பிறகு படித்த ஆய்வு நூல்கள் பலவும் இந்தக் கேள்வியைத்தான் சுற்றி வருகின்றன.

கிரேக்கக் கதைகளோடு வைத்துப் பாருங்கள். அங்கே அரச பிறப்பு நாயகனுக்கு எதையாவது கொடுக்கிறது. பாரிஸை அடையாளம் கண்டு அரண்மனைக்குள் சேர்த்துக்கொள்கிறார்கள். பெர்சியஸ் அரசனாகிறான். ஈடிபஸ் தெரியாமலேயே தகப்பன் சிம்மாசனத்தில் உட்கார்கிறான். நம் வீரனுக்கு என்ன கிடைத்தது? கையும் காலும் போகும்போது காசியிலிருந்து ஒரு ஆளும் வரவில்லை. அந்தப் பிறப்பால் அவனுக்குப் பயன் இல்லை. பயன் வேறு ஆட்களுக்கு. ‘பொம்மி ஒரு சக்கிலியனோடு போகவில்லை, ராஜகுமாரனோடுதான் போனாள்’ என்று சொல்லிக்கொள்ள அது உதவுகிறது. நடந்த சாதி மீறலை நடக்காததாக ஆக்குகிறது. 1956-இல் எம்.ஜி.ஆர் நடித்து வெளியான ‘மதுரை வீரன்’ படமும் இந்த அரச பிறப்பை அப்படியே வைத்துக்கொண்டது.

இது ஒரு கதையில் மட்டும் நடந்திருந்தால் தற்செயல் எனலாம். நெல்லைச் சீமையின் முத்துப்பட்டனைப் பாருங்கள். அங்கே ஆண் பார்ப்பனர். பொம்மக்கா, திம்மக்கா என்ற இரண்டு அருந்ததியப் பெண்களை மணக்கிறார். அவர்களுக்காகத் தோல் வேலை செய்கிறார். இன்றும் சொரிமுத்து அய்யனார் கோயிலில் அவருக்குச் செருப்புதான் காணிக்கை. அந்தக் கதையில் என்ன செய்தார்கள்? பெண்கள் இருவரும் பார்ப்பனருக்குப் பிறந்து கைவிடப்பட்டவர்கள் என்று சேர்த்தார்கள். இது பிற்காலச் சேர்க்கை என்பதைப் பேராசிரியர் நா. வானமாமலை எடுத்துக்காட்டினார். பார்ப்பனப் பெண் ஆரியமாலையைக் காதலித்துக் கழுவேறிய காத்தவராயன், சிவனுக்கே மகனாகிவிட்டான். ஆணோ பெண்ணோ, இருவரில் யார் ஒடுக்கப்பட்டவரோ அவருடைய பிறப்பு மட்டும் மாறுகிறது.

ஏன் இவ்வளவு பாடு? அம்பேத்கர் 1916 மே மாதம் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் வாசித்த கட்டுரையில் இதற்கு விடை இருக்கிறது. சாதியின் சாரம் அகமணம் என்றார். சாதிக்குள்ளேயே மணம் என்ற வேலி நின்றால் சாதி நிற்கும். வேலியைத் தாண்டியவனைக் கொல்லலாம். ஆனால் மக்கள் அவனைத் தெய்வமாக்கிக் கும்பிடத் தொடங்கினால்? அப்போது அவன் பிறப்பைத் திருத்த வேண்டியிருக்கிறது.

அந்தக் கட்டுரைக்கு நூறு ஆண்டு நிறைய இரண்டு மாதம் இருக்கும்போது, 2016 மார்ச் 13 அன்று, நம் மாவட்டத்துப் பழனியைச் சேர்ந்த கௌசல்யாவை மணந்ததற்காக உடுமலைப்பேட்டையில் பட்டப்பகலில் சங்கர் வெட்டிக் கொல்லப்பட்டார். அவருக்குக் காசி ராஜா கதை கட்ட யாராலும் முடியாது. அவர் யார் பிள்ளை என்பது நீதிமன்ற ஆவணத்திலேயே இருக்கிறது. ஆணவக் கொலைகளுக்கு எதிராகத் தனிச் சட்டம் கேட்கும் நமக்கு இதில் ஒரு பாடம் உண்டு. கொல்லப்பட்டவர்களின் பெயரையும் ஊரையும் பெற்றோரையும் நாமே எழுதி வைக்க வேண்டும். இல்லாவிட்டால் நாளை வேறு யாராவது எழுதுவார்கள்.

கடைசியாக, நம் ஆட்களிடம் ஒரு வார்த்தை. நம் தெரு இளைஞர்களே இப்போது வீரனுக்கு ஃபிளெக்ஸ் வைக்கும்போது ‘அரச வாரிசு’ என்று போடுகிறார்கள். அந்த ஏக்கம் எனக்குப் புரிகிறது. காலமெல்லாம் இழிவு சொல்லப்பட்டவர்களுக்கு ராஜ வம்சம் ஆறுதலாகத் தெரியலாம். ஆனால் அதற்குக் கொடுக்கும் விலையைப் பாருங்கள். வீரம் காசியிலிருந்து வந்தது என்றால், சின்னான் வீட்டில் அது பிறக்காது என்று நாமே ஒப்புக்கொள்கிறோம். ‘ஆண்ட பரம்பரை’ பேசுகிறவன் கையில் வைத்திருக்கும் அளவுகோலை நாமும் கையில் எடுக்கிறோம்.

மகாபாரதத்துக் கர்ணனிடம் நீ குந்தி மகன் என்று கண்ணன் சொல்லி அழைத்தபோது, பால் கொடுத்து வளர்த்த ராதையைத் தாய் இல்லை என்று சொல்ல அவன் சம்மதிக்கவில்லை. வீரனிடம் அப்படி யாரும் கேட்கவே இல்லை. கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பான் என்று அவ்வாவுக்குத் தெரியும். நான் பார்த்த வீரன் கோயில்களில் பொம்மி இருக்கிறாள், வெள்ளையம்மாள் இருக்கிறாள். செல்லிக்கு ஒரு கல்கூட இல்லை. அடுத்த கும்பிடுக்கு ஃபிளெக்ஸ் அடிக்கப் போகிற தம்பிகளிடம் நான் கேட்பது ஒன்றுதான். வீரன் பெயருக்குக் கீழே எழுதுங்கள்: தகப்பன் சின்னான், தாய் செல்லி.

ஜெய்பீம்.