பாலில்லாத வெண்ணெய்

வெண்ணெய் என்றதும் தயிர்ப்பானையும் மத்துந்தான் தமிழர் நினைவுக்கு வரும். மேற்குநாட்டார் 'பட்டர்' என்று வழங்கும் பண்டங்களுள் பாலோடு யாதொரு தொடர்பும் இல்லாத ஒன்றும் உண்டு. அப்பிள், பிளம், பீச் முதலிய பழங்களை வேகவைத்து மசித்து, அவற்றிலுள்ள நீரின் பெரும்பகுதி ஆவியாகிப் போகும்வரை மெல்லிய சூட்டிற் காய்ச்சி எடுக்கும் கபில நிறமான பழக்களியே அது. பாணின்மேற் பூசும்போது வெண்ணெயைப் போல வழுவழுப்பாகப் பரவுவதால் அப்பெயர் பெற்றது. பழப்பட்டர் என்று அதனை அழைக்கலாம்.

ஜாம் என்பதும் பழத்தைக் காய்ச்சி எடுப்பதுதானே என்று நேயர்கள் கேட்கக்கூடும். இரண்டுக்கும் இடையிலுள்ள வேற்றுமை சீனியின் அளவிலே தங்கியிருக்கிறது. அமெரிக்க அரசாங்கம் வகுத்துள்ள உணவு விதிகளின்படி, ஜாமிலே பழம் 45 பங்கானால் சீனி 55 பங்கு வரை சேரலாம். காய்ச்சி முடிந்தபின் அதிற் கரைந்துள்ள திண்மம் நூற்றுக்கு 65 பங்காவது இருக்கவேண்டும். பழப்பட்டரிலோ 5 பங்கு பழத்துக்கு 2 பங்குக்கு மேற் சீனி சேர்த்தலாகாது. திண்மம் நூற்றுக்கு 43 பங்கு இருந்தாற் போதும். சீனியைக் கொட்டி விரைவிற் கெட்டியாக்குவது ஜாம். சீனியைக் குறைத்து, காலத்தைக் கொடுத்துக் கெட்டியாக்குவது பழப்பட்டர். மத்திய ஐரோப்பாவிலே 'பொவிடல்' என்ற பெயரில் வழங்கும் பிளம் பட்டருக்குப் பழைய முறையிற் சீனியே சேர்ப்பதில்லை. பழத்தின் இனிப்பு ஒன்றே போதும் என்று விட்டுவிடுவர்.

அப்பிள் பட்டரின் பிறப்பிடம் ரைன் நதியை அடுத்த நிலப்பகுதிகள். 18ஆம் நூற்றாண்டிலே அங்கிருந்து கடல் கடந்து அமெரிக்காவின் பென்சில்வேனியாவிற் குடியேறிய ஜேர்மன் உழவர்கள் தம் மொழியையும் மதத்தையும் கொண்டு சென்றது போலவே இதனையும் கொண்டு சென்றனர். அவர்கள் வாய்ச்சொல்லில் இதன் பெயர் 'லட்வெரிக்' என்பது. இச்சொல்லின் வரலாறு தமிழருக்குச் சுவை தருவது. ஜேர்மன் மொழியிலே 'லட்வெர்கே' என்றும், இலத்தீனிலே 'எலெக்டுவாரியம்' என்றும் வழங்கிய சொல்லின் திரிபு அது. எலெக்டுவாரியம் என்பது தேனிற் குழைத்து நக்கி உண்ணக் கொடுக்கும் மருந்து. அச்சொல், நக்குதல் என்ற பொருளுடைய கிரேக்க வினையடியாகப் பிறந்ததாக மொழிநூலார் கருதுவர். அந்தக் கிரேக்க வினையும் வடமொழியில் 'லிஹ்' என்னும் வினையும் ஒரே மூலத்தினின்று கிளைத்தவை. 'லிஹ்' என்பதிலிருந்து பிறந்ததே லேகியம். ஆகவே பென்சில்வேனிய உழவன் பாணிற் பூசி உண்ணும் லட்வெரிக்கும், தமிழர் வீடுகளிற் கிண்டும் லேகியமும் பெயரளவிலே தூரத்து உறவினர். செய்முறையிலோ நெருங்கிய உறவினர். அடிபிடிக்காமல் இடைவிடாது கிண்டவேண்டும் என்பது இரண்டுக்கும் பொது விதி.

அந்தக் கிண்டுதல் அக்காலத்திலே ஒரு திருவிழாவாக நடைபெற்றது. இலையுதிர்காலத்தில் அப்பிள் பறித்து முடிந்தவுடன், முதல்நாள் மாலையே அயலார் ஒரு வீட்டிற் கூடுவர். கூடை கூடையாகப் பழங்களைத் தோல் சீவி, விதை நீக்கி, துண்டுபோடுவர். மறுநாள் விடியுமுன் முற்றத்திலே பெரிய செப்புக் கொப்பரையை ஏற்றுவர். 30, 40 கேலன் கொள்ளும் கொப்பரைகளும் இருந்தன. முதலிற் புளிக்காத அப்பிள் சாற்றை ஊற்றி, அது பாதியாகச் சுண்டும்வரை காய்ச்சுவர். பின்னர் பழத்துண்டுகளைச் சிறிது சிறிதாக இட்டுக் கிண்டத் தொடங்குவர். கிண்டுகோலின் கைப்பிடி ஆளுயரத்தினும் நீண்டது. அதன் நுனியிலே துளைகளிட்ட பலகையொன்று செங்குத்தாகப் பொருத்தப்பட்டிருக்கும். நெருப்பின் வெக்கையும் தெறிக்கும் குழம்பும் மேலே படாதபடி எட்டி நின்று கிண்டுவதற்காகவே அந்த அமைப்பு. கொப்பரையின் ஓரமாக இருமுறை சுற்றி, நடுவே ஒருமுறை ஊடறுத்துச் செல்லவேண்டும் என்பது ஊர்வழக்கு. சில இடங்களில் அடியிலே செப்புக் காசுகளைப் போட்டுவிடுவார்கள். கோல் அவற்றைத் தள்ளித் திரியும்போது அடி பிடிக்காது என்பது நம்பிக்கை. பெரியவர்கள் களைத்த வேளையிலே இளைஞனும் கன்னியும் ஒரே கோலைப் பிடித்துக் கிண்டுவதும் உண்டு. அதனால் முடிவான திருமணங்கள் எத்தனையோ!

இங்கிலீசுக் கால்வாயிலுள்ள ஜேர்சித் தீவிலும் இத்தகைய வழக்கம் இருந்தது. அங்கே இதற்குக் 'கறுப்பு பட்டர்' என்று பெயர். அப்பிளோடு அதிமதுரமும் எலுமிச்சையும் வாசனைப் பொருள்களும் சேர்த்து, இராமுழுவதும் முறைவைத்துக் கிண்டுவார்கள். கதையும் பாட்டுமாக இரவு கழியும்.

இத்தனை பேரின் உழைப்பு எதற்காக? காரணம் மிக எளியது. அப்பிளில் நூற்றுக்கு 85 பங்கு நீர். தொடக்கத்தில் நீர்ப்பதமாக இருக்கும்போது அடியிற் சூடேறிய பகுதி தானாகவே மேலெழும், மேலுள்ளது கீழிறங்கும். சூடு எங்கும் பரவும். நீர் வற்றி, களி தடித்து வரும்போது இந்தச் சுழற்சி நின்றுபோகிறது. அடியில் இருப்பது அடியிலேயே கிடந்து, அதிலுள்ள சீனி கருகுகிறது. கருகிய நாற்றம் ஒரு மூலையிலே தோன்றினாலும் கொப்பரை முழுவதிலும் பரவிவிடும். அதனை நீக்க வழியே இல்லை. பத்து மணிநேர உழைப்பும், ஒரு குடும்பம் மாரிகாலம் முழுவதும் உண்ண வைத்திருந்த பழமும், கிண்டுபவர் கால்மணி நேரம் கண்ணயர்ந்ததனாற் பாழாய்ப்போகும். அயலாரைக் கூட்டியதற்கு உபசாரம் மட்டும் காரணமன்று. தனியொருவராற் செய்ய இயலாத வேலை அது.

அயலார் கூடாத காலமும் வந்தது. அப்போது கொப்பரையின் இடத்தைப் பிடித்தது 'ஸ்லோ குக்கர்' என்னும் மின்சாரப் பாத்திரம். அது அப்பிளுக்காகத் தோன்றியதன்று. இர்விங் நாக்சன் என்ற அமெரிக்கப் பொறியியலாளர் தம் தாயார் கூறிய செய்தியொன்றைக் கேட்டார். லித்துவேனியாவின் வில்னா நகரில் வாழ்ந்த யூதர்கள், ஓய்வுநாளில் அடுப்பு மூட்டலாகாது என்ற விதியின் காரணமாக, அவரையும் இறைச்சியும் சேர்ந்த 'சோலென்ட்' என்னும் உணவை வெள்ளிக்கிழமை மாலையிலே வெதுப்பகத்துக்குக் கொடுத்தனுப்புவர். தணிந்துவரும் போறணையின் சூட்டிலே அது இரவெல்லாம் வெந்து மறுநாள் உணவாகும். அந்தப் போறணையின் சூட்டை மேசைமேல் வைக்கும் கலத்திற் கொண்டுவர முயன்ற நாக்சன், 1940இல் அதற்குக் காப்புரிமை பெற்றார். 1970இல் ரைவல் நிறுவனம் அவருடைய தொழிலை வாங்கியது. மறு ஆண்டு 'குரொக் பொட்' என்ற பெயரில் அப்பாத்திரம் சந்தைக்கு வந்தது. அமெரிக்கப் பெண்கள் பெருந்தொகையாக வெளிவேலைக்குச் செல்லத் தொடங்கிய காலம் அது. காலையில் இட்டுச் சென்ற உணவு மாலையில் வெந்திருக்கும் என்ற வசதியால் அது வீடு வீடாகப் புகுந்தது.

இப்பாத்திரத்திலே சூடாக்கும் கம்பி பெரும்பாலும் அடியில் இல்லை. மட்கலத்தைச் சூழ்ந்த சுவரில் இருக்கிறது. தடித்த மட்கலம் சூட்டை மெல்ல வாங்கி மெல்லக் கொடுக்கும். கொதிநிலையை ஒட்டியே சூடு நிற்பதால், இரவு முழுவதும் கிண்டாமல் விட்டாலும் அப்பிள் கருகுவதில்லை. பழப்பட்டர் செய்பவருக்கு இதைவிட வேறென்ன வேண்டும் என்று தோன்றும். ஆனால் இங்கே ஓர் இடர்ப்பாடு உண்டு. புதிதாகச் செய்வோர் பலரும் தவறுவது அதிலேதான். நீரை உள்ளேயே காப்பதற்காக அமைந்த பாத்திரம் இது. மேலெழும் ஆவி மூடியிற் பட்டுத் துளிகளாகித் திரும்பவும் உள்ளே விழுகிறது. பழப்பட்டருக்கோ நீர் போயாகவேண்டும். மூடியை மூடியபடியே 20 மணிநேரம் வைத்தாலும் கிடைப்பது வெந்த அப்பிட்கூழே அன்றிப் பட்டர் அன்று.

ஆகவே வேலையை இரண்டாகப் பிரித்துக்கொள்ளவேண்டும். ஏறக்குறைய 3 கிலோ அப்பிள் போதும். மாவாகக் குழையும் இனிப்பான பழமும் புளிப்புள்ள பழமும் கலந்திருப்பது நன்று. கழுவி, நடுத்தண்டும் விதையும் நீக்கி, துண்டுகளாக்கி, ஒன்றரைக் கோப்பை அப்பிள் சாறு ஊற்றி, மூடியை மூடிக் குறைந்த சூட்டில் 8 மணிநேரம் விடவேண்டும். இரவிலே வைத்துவிட்டு உறங்கப் போகலாம். தோலைச் சீவாமல் விடுவோரும் உளர். தோலை ஒட்டியே பெக்டின் மிகுதியாக இருப்பதால் களி நன்கு இறுகும். ஆனால் காலையில் அரிதட்டிலிட்டுத் தேய்த்துத் தோலை அகற்றவேண்டிவரும். அந்தச் சிரமம் வீண்போவதில்லை.

காலையில் மசித்த கூழோடு 400 கிராம் சீனியும், ஒரு சிட்டிகை உப்பும், ஒரு தேசிக்காயின் சாறும் சேர்த்து, இனி மூடியைத் திறந்து வைக்கவேண்டும். முழுவதும் திறந்தாற் குழம்பு தெறிக்கும். ஆதலால் விளிம்பின் குறுக்கே இரண்டு மர அகப்பைகளை வைத்து, அவற்றின்மேல் மூடியை நிறுத்துவர். ஆவி இருபுறமும் வெளியேறும். இந்நிலையில் இன்னும் 4 முதல் 6 மணிநேரம் செல்லும். சூடு சுவரிலிருந்து வருவதால், கொப்பரையில் அடி பிடிப்பது போல இங்கே ஓரம் பிடிக்கும். மணிக்கொருமுறை ஓரத்தைச் சுரண்டி நடுவோடு கலக்கவேண்டும். கடைசி இரண்டு மணிநேரத்தில் அதனினும் அடிக்கடி கலக்கவேண்டும். வைத்துவிட்டு மறந்துவிடலாம் என்று விளம்பரங்கள் கூறுவது முதல் இரவுக்கு மட்டுமே பொருந்தும்.

கறுவாத்தூளையும் கராம்பையும் கடைசிப் பகுதியிற் சேர்ப்பது நலம். தொடக்கத்திலேயே இட்டால் கராம்பு மற்றை மணங்களை அடக்கிவிடும். கறுவாவைப் பற்றி இலங்கை நேயர்களுக்கு ஒரு வார்த்தை: அமெரிக்கக் கடைகளிலே கறுவா என்று விற்கப்படுவது பெரும்பாலும் கசியா என்னும் தடித்த, காரமான பட்டையே. மெல்லிய சுருளாக வரும் இலங்கைக் கறுவா அங்கே விலைகூடிய அருமைப் பொருள். இங்குள்ளோர் அதனைத் தாராளமாக இடலாம்.

பதம் பார்ப்பதற்கு ஒரு கரண்டி களியை எடுத்து ஆவி படாத இடத்திலே இரண்டு நிமிடம் பிடிக்கவேண்டும். குவியல் சரியாமல் நின்றாற் பதம் வந்தது. குளிர்ந்த தட்டிலிட்டாற் சுற்றிவர நீர் கசியாதிருப்பதும் அடையாளம். நிறம் இதற்குள் நற்கபிலமாகியிருக்கும்.

இனி வருவது அலட்சியம் செய்யத்தகாத பகுதி. சீனி குறைந்தமையால் இப்பண்டம் ஜாமைப்போல் நீடித்து நில்லாது. திறந்த போத்தலைக் குளிர்சாதனப் பெட்டியில் வைத்துச் சில வாரங்களுக்குள் உண்டு முடிக்கவேண்டும். மாதக்கணக்கில் வெளியே வைக்க விரும்புவோர், சூடான பட்டரைச் சுத்தமான கண்ணாடிப் போத்தல்களில் நிரப்பி மூடி, கொதிநீரில் மூழ்கவைத்துக் காய்ச்சவேண்டும். அரைப் பைந்து அல்லது ஒரு பைந்து போத்தலுக்குக் கடல்மட்டத்தை அடுத்த ஊர்களில் 5 நிமிடமும், 1000 அடிக்கு மேல் 10 நிமிடமும், 6000 அடிக்கு மேல் 15 நிமிடமும் என்பது அமெரிக்க விவசாயத் திணைக்களத்தின் கணக்கு. உயரம் ஏற ஏற நீர் குறைந்த சூட்டிலேயே கொதிப்பதே காரணம். நுவரெலியா 6000 அடிக்கும் மேலே உள்ளது என்பதை அவ்வூரார் மறக்கலாகாது. மெதுவாகச் சமைக்கும் பாத்திரத்தையே இவ்வேலைக்குப் பயன்படுத்துவது தவறு. அதன் சூடு போதாது.

இம்முறை அப்பிளுக்குப் பொருந்துவது அதன் புளிப்பினால். புளிப்பில்லாத களியைக் காற்றுப்புகாமல் அடைத்து வைத்தால், கொதிநீருக்கும் அழியாத கிருமிவித்துக்கள் அதனுள்ளே முளைத்து 'பொட்டுலிசம்' என்னும் நோயைத் தரும் கொடிய நஞ்சை உண்டாக்கக்கூடும். மணத்தாலோ நிறத்தாலோ அதனை அறிய முடியாது. பூசணிப் பட்டர் செய்யும் அமெரிக்கருக்கு அதனைப் போத்தலில் அடைக்கவேண்டாம் என்று அந்நாட்டு நிபுணர்கள் எச்சரிப்பது இதனாலேயே. இலங்கையிலே பப்பாசியையும் வாழைப்பழத்தையும் இப்படிக் காய்ச்சிப் பார்க்கும் ஆவல் எழுவது இயல்பு. செய்து பார்க்கலாம், ஆனால் குளிரில் வைத்து ஒரு வாரத்துக்குள் உண்டுவிடவேண்டும். யாழ்ப்பாணத்தார் பனங்களியை அடுப்பில் வற்றவைக்காமல் பாயிற் பரப்பி வெயிலிற் காயவிட்டுப் பனாட்டாக்கினர். நீரின் பெரும்பகுதியைப் போக்கிவிட்டமையாற் பனாட்டுக்கு அந்த அச்சம் இல்லை.

அப்பிள் பட்டரை எப்படி உண்பது என்று பென்சில்வேனியரைக் கேட்டால், தடித்த பாண்துண்டிலே முதலில் உப்பிட்ட புதுப் பாற்கட்டியைப் பரப்பி, அதன்மேல் இதனைப் பூசுமாறு சொல்வர். புளிப்பும் உப்பும் இனிப்பும் ஒன்றாய்ச் சேர்ந்து வரும். பாலில்லாத வெண்ணெய்க்குப் பாலின் துணை அங்கேதான் கிடைக்கிறது.