போலீஸ் காவல் கம்பெனிக்கு! விவசாயிக்கு யார் காவல்?

(தாலுகா அலுவலகம் முன் நடந்த ஆர்ப்பாட்டத்தில் சங்கச் செயலாளர் பேசியது)



விடிகாலையில தண்ணி பாய்ச்சப் போனா வரப்புல ஜீப் நிக்குது. என்னங்கன்னு கேட்டா, "கோர்ட் ஆர்டர் இருக்கு, கேபிள் பதிக்கப் போறாங்க, ஒதுங்கி நில்லுங்க" என்கிறார்கள். ஆர்டரை வாங்கிப் படித்தோம். கம்பெனி மனுதாரர், போலீஸ் அதிகாரி எதிர்மனுதாரர். நிலத்துக்காரன் பெயர் எங்கேயும் இல்லை. நம்மைக் கேட்காமலே நம்ம தோட்டத்துக்கு ஒரு உத்தரவு!

செல்போன் வேண்டாம் என்று நாம் சொல்லவில்லை. சந்தை விலையை நாமும் அதில்தான் கேட்கிறோம். நம் கேள்வி வேறு: யார் நிலத்தில், யாரைக் கேட்டு, என்ன ஈடு கொடுத்து?

இந்த அதிகாரத்தின் வேர் 1885ல் வெள்ளைக்காரன் போட்ட தந்திச் சட்டம். தந்தி சேவை 2013 ஜூலையோடு நின்று போச்சு. சட்டம் கொடுத்த அதிகாரம் நிற்கவில்லை. 2003 மின்சாரச் சட்டம் 164வது பிரிவு அதே அதிகாரத்தை மின்கோபுரம் போடுகிறவர்களுக்கும் கொடுக்க வழி செய்தது. கேபிளுக்கும் செல் கோபுரத்துக்கும் 2023 தொலைத்தொடர்புச் சட்டம் வந்தது. அதன் வழியுரிமைப் பிரிவுகள் 2024 ஜூன் 26 முதல் அமலில் உள்ளன.

ஆனால் தோழர்களே, அதே சட்டங்களில் நம்ம பக்கமும் இருக்கு. அதை யாரும் நமக்குச் சொல்வதில்லை.

தனியார் நிலம் என்றால் கம்பெனி முதலில் நிலத்துக்காரரிடம் கேட்க வேண்டும், ஒப்பந்தம் போட வேண்டும். அவர் மறுத்தால், பொது நலனுக்கு இது அவசியம் என்று மத்திய அரசு முடிவு செய்த பிறகுதான் வழியுரிமையை எடுக்க முடியும். அப்போதும் கிடைப்பது பயன்படுத்தும் உரிமை மட்டும். நிலம் நம்முடையதுதான்.

மின்கோபுரம் என்றால் தந்திச் சட்டம் 10வது பிரிவு: சேதம் குறைவாக இருக்கணும், ஆன சேதத்துக்கு முழு ஈடு கொடுக்கணும். நாம் தடுத்தால் 16வது பிரிவுப்படி கலெக்டரிடம் போகணும். ஈடு போதாது என்றால் மாவட்ட நீதிபதியிடம் நாம் கேட்கலாம்.

கோபுரம் நிற்கும் இடத்துக்கு நில மதிப்பில் 85 சதம் என்று 2015ல் மத்திய மின்துறை வழிகாட்டியது. 2024 ஜூனில் அது 200 சதம் ஆச்சு. கம்பி போகும் பாதைக்கு 15 சதம் 30 ஆச்சு. ஊர் ஊராக உட்கார்ந்து கேட்ட விவசாயி இல்லாமல் இது ஏறியிருக்குமா?

போலீஸ் பாதுகாப்பு உத்தரவு வேலைக்கு இடைஞ்சல் வராமல் பார்ப்பதற்குத்தான். ஈடு எவ்வளவு என்று அது முடிவு செய்வதில்லை. ஆகவே ஜீப் வந்தால் கல்லை எடுக்காதீர்கள். கல்லெடுத்தால் நம்ம பையன்கள் மேல்தான் கேஸ் வரும். உத்தரவின் நகலைக் கேளுங்கள். ஒப்பந்தம் எங்கே, அரசின் முடிவு எங்கே, கலெக்டர் உத்தரவு எங்கே என்று எழுத்தில் கேளுங்கள். தென்னை எத்தனை, போர் எங்கே, பைப் லைன் எங்கே என்று போட்டோ எடுத்து வையுங்கள். பட்டா, சிட்டா, அடங்கல் கையில் இருக்கட்டும். வெள்ளைத்தாளில் கையெழுத்துப் போடாதீர்கள். வழக்கில் எங்களையும் சேர்க்கணும் என்று சங்கத்தோடு சேர்ந்து மனுப் போடுங்கள். ஒருத்தனாய் நின்றால் மிரட்டுவான், ஊராய் நின்றால் உட்கார்ந்து பேசுவான்.

நம் கோரிக்கைகள்:

நிலத்துக்காரரை விசாரிக்காமல் போலீசை அனுப்பாதே!

வேலைக்கு முன் மரம், கிணறு, பைப் எல்லாவற்றையும் ஊரார் முன்னிலையில் கணக்கெடு!

ஈட்டுத் தொகையைக் கையில் கொடுத்த பிறகு கடப்பாரையை எடு!

உழவன் நிலம் உழவனைக் கேட்டே! ஒன்றுபடுவோம்! போராடுவோம்!