கடலூர்க் கடலில் மாண்ட கலங்கள்

கடலூர் என்னும் பெயரைக் கேட்டவுடன் கடல் நினைவுக்கு வருவது இயல்பே. ஆயினும் ஊரின் பழம்பெயர் கூடலூர் என்பர். ஆறுகள் கூடுமிடத்து எழுந்த ஊர். கெடிலமும் பெண்ணையும் உப்பனாறும் தத்தம் முகத்துவாரங்களில் மணலைக் குவித்துக்கொண்டிருக்கும் கரை இது. தெற்கே சென்றால் பரங்கிப்பேட்டையில் வெள்ளாறு. சிதம்பரத்திற்குத் தென்கிழக்கே கொள்ளிடம். ஆறுகள் இத்தனை இருந்தும் பெரிய போர்க்கப்பல் ஒன்று உள்ளே புகுந்து ஒதுங்கும் துறைமுகம் பாய்மரக் காலத்தில் இங்கே இருந்ததில்லை. ஐரோப்பியக் கலங்கள் யாவும் அலை உடையும் இடத்திற்கு அப்பால், திறந்த கடலில் நங்கூரமிட்டு நின்றன. அவற்றுக்கும் கரைக்கும் இடையே ஆளும் பொருளும் குடிநீரும் போய்வந்தது சலங்கிலும் கட்டுமரத்திலுமே. சலங்கு என்பது இரும்பாணி அறையாமல் பலகைகளைக் கயிற்றால் தைத்துக் கட்டிய படகு. ஆணி அறைந்த ஐரோப்பியப் படகு இக்கரையின் அலையில் பிளந்துபோகும். தைத்த படகோ நெளிந்து கொடுத்துக் கரையேறும். பீரங்கிகளோடு வந்த தளபதியும் கடைசி அரைக் கல் தொலைவில் குப்பத்து மனிதரின் கைத்துடுப்பை நம்பியே கரை சேர்ந்தார். வரலாற்று நூல்களில் இவ்வரைக் கல் தொலைவு பெரும்பாலும் ஒற்றை வரியில் கடந்துவிடப்படுகிறது.

தேவனாம்பட்டினத்துக் கோட்டையை 1690இல் ஆங்கிலக் கம்பெனி மராத்தியரிடமிருந்து விலைக்கு வாங்கியது. கோட்டையிலிருந்து சுட்ட பீரங்கிக் குண்டு விழும் எல்லை வரையுள்ள ஊர்கள் கம்பெனிக்கு உரியன என்பது உடன்பாடு. ஆளில்லாத திசை என்று பாராமல் எல்லாத் திசையிலும் குண்டு பறந்தது. அந்த அளவையின் தழும்பு ‘குண்டு உப்பலவாடி’ என்னும் ஊர்ப்பெயரில் இன்றும் நிற்கிறது. நிலத்தைக் கோலால் அளந்த நாட்டில் குண்டால் அளந்தவர்கள் அவர்கள். செயிண்ட் டேவிட் கோட்டை எனப் பெயரிட்ட அவ்விடத்தை முன்வைத்தே இக்கடலின் போர்கள் பல நிகழ்ந்தன.

போரினும் கொடிது புயல் என்பதை 1749ஆம் ஆண்டு காட்டியது. ஆங்கிலக் கடற்படைத் தலைவர் பாஸ்கவன் முந்தைய ஆண்டு புதுச்சேரியை முற்றுகையிட்டுத் தோற்றுத் திரும்பியிருந்தார். ஐரோப்பாவில் 1748 அக்டோபரில் அமைதி உடன்படிக்கையும் ஆகிவிட்டது. சண்டை ஓய்ந்த படை சும்மா இருக்கவில்லை. தஞ்சை அரியணைக்கு உரிமை கோரிய ஒருவருக்குத் துணைநின்றால் கொள்ளிட முகத்துவாரத்துத் தேவிக்கோட்டை கிடைக்கும் என்ற ஆசையில், காப்டன் கோப் தலைமையில் ஒரு படை தெற்கே நடந்தது. கப்பல்கள் கரையோரமாகத் துணை சென்றன.

வங்கக் கடலின் பருவத்தை மாலுமிகள் அறியாதவர் அல்லர். ஐப்பசி பிறக்குமுன் இக்கரையை விட்டு நீங்கிப் பம்பாய்க்கோ திருகோணமலைக்கோ சுமத்திராவின் ஆச்சே துறைக்கோ போய்விட வேண்டும் என்பது கடற்படைகளின் எழுதாச் சட்டம். அந்த ஆண்டுப் புயல் ஐப்பசியில் வரவில்லை. கோடையில், ஏப்ரல் மாதத்தில், எவரும் எதிர்பாராத வேளையில் வந்தது. பரங்கிப்பேட்டை அருகே தங்கியிருந்த தரைப்படையின் கூடாரங்கள் கிழிந்து பறந்தன; பொதிமாடுகள் மாண்டன. கடலில் நிகழ்ந்தது அதனினும் பெரிது. எழுபத்து நான்கு பீரங்கிகள் கொண்ட ‘நாமூர்’, பாஸ்கவனின் கொடிக்கப்பல், தேவனாம்பட்டினத்தை அடுத்த கடலில் ஐந்நூற்றுக்கும் மேற்பட்ட மாலுமிகளோடு மூழ்கியது. அறுபது பீரங்கிகளின் ‘பெம்புரோக்’ கொள்ளிடமுனைக்கு அருகே உடைந்தது. முந்நூற்றுக்கும் மேற்பட்டோர் மாண்டனர், பிழைத்தவர் பன்னிருவர். நோயாளரைச் சுமந்த ‘அப்போலோ’ என்னும் மருத்துவக் கப்பலும் திரும்பவில்லை.

பாஸ்கவன் அன்று கரையில் இருந்தார், ஆதலின் தப்பினார். நாமூரின் மாலுமிகளுள் தப்பியவருட் பலர் கரையில் மருத்துவமனையில் கிடந்த நோயாளிகள். உடல் நலமுற்றுக் கப்பலுக்குத் திரும்பியவன் மாண்டான். காய்ச்சலோடு பாயில் கிடந்தவன் வாழ்ந்தான். இம்முரணை எந்தப் புலவரும் புனைந்ததில்லை, கடலே புனைந்தது. செய்தி இங்கிலாந்தை அடையப் பல மாதங்கள் ஆயின. அதுவரை அத்துறைமுகச் சேரிகளில் எத்தனை பெண்கள் இறந்தவனுக்காகக் காத்திருந்தனரோ! அவர்களைத் தமிழ் மாணவர் எவரும் அயலார் எனக் கொள்ளமாட்டார். நெய்தல் நிலத்துத் தலைவியர் அவர்கள். மணிமேகலையின் சாதுவன் மரக்கலம் உடைந்து, ஒடிந்த பாய்மரத்தைப் பற்றி நாகர் மலையை அடைந்தான். உடன் சென்றோர் அவன் இறந்தான் என்றே ஊருக்குச் செய்தி கொணர்ந்தனர். ஆதிரை தீயிற் புகுந்தாள், தீ சுடவில்லை. சாத்தனார் ஆதிரைக்குக் கணவனை மீட்டுக் கொடுத்தார். பெம்புரோக்கின் முந்நூறு ஆதிரையர்க்கு அவ்வாறு கொடுப்பார் இல்லை.

இனி, அக்கலங்களுள் வாழ்ந்த வாழ்க்கையைச் சிறிது நோக்கலாம். எழுபத்து நான்கு பீரங்கிக் கப்பலில் ஐந்நூறு, அறுநூறு பேர். ஒரு முழத்துக்குள் அடங்கும் இடைவெளியில் ஒவ்வொருவனுக்கும் ஒரு தூங்குமஞ்சம். அதன் கீழே பீரங்கி. கடல் கொந்தளித்தால் பீரங்கி வாயில்களை மூடிவிடுவர். கீழ்த்தளத்தில் காற்றும் இல்லை, ஒளியும் இல்லை. உணவு உப்பிட்ட இறைச்சியும் வண்டு துளைத்த ரொட்டியும். மரப்பீப்பாயில் அடைத்த நீர் சில வாரங்களில் பச்சை பூத்து நாறும். அதை விழுங்கச் சாராயம். இந்தியக் கடலில் அது இங்குக் காய்ச்சிய பட்டைச் சாராயம். போர் மூண்டால் மேற்றளத்தில் மணல் தூவுவர். குருதியில் கால் வழுக்காமல் இருக்க. கனத்த பீரங்கி ஒன்றை இயக்கப் பன்னிரண்டு பேர்வரை வேண்டும். மருந்துப் பொதி சுமந்து ஓடியவர்களுட் சிறுவரும் இருந்தனர். வெற்றிப் பாடல்களில் இச்சிறுவர்க்கு இடமில்லை.

1758 ஏப்ரல் 29இல் போகாக்கும் தாஷேயும் இக்கடலில் மோதியதும், அதன் முன்னாள் ‘பிரிட்ஜ்வாட்டர்’, ‘டிரைட்டன்’ என்னும் இரு சிறுகலங்களை ஆங்கிலேயர் தாமே கரையேற்றி எரித்ததும், ஜூன் 2இல் தேவனாம்பட்டினக் கோட்டை லாலியிடம் வீழ்ந்து பின் இடிக்கப்பட்டதும் பலரும் எழுதியவை. அவற்றை விரிக்க வேண்டுவதில்லை.

1783 ஜூன் 20 வேறு வகையானது. ஐதர் அலி மறைந்து திப்பு ஆட்சிக்கு வந்த காலம். கடலூரில் பிரெஞ்சுத் தளபதி புஸ்ஸி. அவரைச் சூழ்ந்து ஜெனரல் ஸ்டூவர்ட்டின் ஆங்கிலப் படை. கடலில் ஹியூஸ் தலைமையில் பதினெட்டுப் போர்க்கப்பல்கள். பதினைந்து கப்பல்களோடு வந்தார் பிரெஞ்சுக் கடற்படைத் தலைவர் சுஃப்ரேன். பீரங்கிக்கு ஆள் போதாமையால் கோட்டையிலிருந்து 1,200 பேரைக் கப்பலில் ஏற்றிக்கொண்டார். அவர்களுள் இந்தியச் சிப்பாய்களும் இருந்தனர். வயலையும் ஏரிக்கரையையும் அறிந்த மனிதன் ஒருவன் திடுமென ஆடும் தளத்தில், புரியாத மொழியின் ஆணைக்குப் பீரங்கி இழுத்த மாலை அது. ஏறத்தாழ மூன்று மணி நேரம் சண்டை, இருட்டியபின் ஓய்ந்தது. ஒரு கப்பலும் மூழ்கவில்லை. ஆங்கிலேயர் பக்கம் 99 பேர், பிரெஞ்சுப் பக்கம் 102 பேர் மாண்டனர். காயமுற்றோர் இருபுறமும் சேர்ந்து எண்ணூறுக்கும் மேல்.

ஐரோப்பாவில் அமைதிக்கான முன்னொப்பந்தம் கையெழுத்தானது 1783 ஜனவரி 20இல். சரியாக ஐந்து திங்களுக்குப் பின்னரே இப்போர். செய்தியைச் சுமந்த ‘மெடியா’ என்னும் சிறுகலம் வெள்ளைக் கொடியோடு கடலூருக்கு வந்தது ஜூன் 29இல். அந்த இருநூற்றொருவரும் தாளில் முடிந்துவிட்ட போரில் இறந்தவர்கள். இச்செய்தியை ஒருமுறை படித்தவர், மாலையில் வெள்ளிக் கடற்கரையில் உலவும்போது அதை மறப்பது கடினம்.

ஹியூஸ் போரின் பின் சென்னைக்கு விலகியது தோல்வியால் மட்டும் அன்று. குடிநீர் குறைந்தது, மாலுமிகள் ஸ்கர்வி நோயால் துவண்டனர். ஈறு வீங்கிக் குருதி கசியும், பல் உதிரும், ஆறிய பழம்புண் மீண்டும் திறக்கும். எலுமிச்சை, ஆரஞ்சு ஆகியவற்றால் இது தீரும் என்று ஜேம்ஸ் லிண்ட் என்னும் கப்பல் மருத்துவர் 1747இலேயே சோதித்து, 1753இல் நூலாகவும் வெளியிட்டிருந்தார். கடற்படை நிருவாகம் அதைக் காதில் போட்டுக்கொள்ள நாற்பது ஆண்டுகளுக்கு மேல் ஆயின. 1794இல் ‘சஃபோக்’ என்னும் கப்பல் இருபத்து மூன்று வாரம் இடையில் கரை தொடாமல் இந்தியாவுக்கு ஓடியது. நாள்தோறும் எலுமிச்சைச் சாறு கொடுத்ததால் ஸ்கர்விக்கு ஒருவரும் பலியாகவில்லை. மறு ஆண்டே அது கடற்படை முழுமைக்கும் நடைமுறையாகத் தொடங்கியது. நெல்லியும் எலுமிச்சையும் புளியும் நாள்தோறும் சமையலில் சேரும் ஓர் ஊரின் எதிரே, கரைக்கு ஒரு கல் தொலைவில், அவை இல்லாமையால் மனிதர் செத்துக்கொண்டிருந்தனர். வரலாறு சில வேளைகளில் இவ்வாறு கொடூரமாக நகைக்கிறது.

இவையெல்லாம் அயலார் கதை, தமிழ்க் கவிதைக்கு இவற்றால் ஆவதென்ன என்று வினவுவோர் உண்டு. வினா நேரியதே. விடையும் எளிதன்று. சங்க நெய்தல் கரையில் நின்று பாடியது. பிரிந்தவனை நோக்கி, திரையை நோக்கி, புன்னையை நோக்கிப் பாடியது. கலத்தினுள் கயிறு பிடித்தவனின் கைகொப்புளம் அதில் அரிது. சோழர் கடல் கடந்து வென்றதை மெய்க்கீர்த்திகள் பேசுகின்றன. துடுப்பு வலித்தவரை அவை பேசா. சிதம்பரம் திருக்கோயிலில், காம்போச அரசன் காட்டிய கல்லொன்றைப் பதித்ததாகக் குலோத்துங்கன் காலத்துக் கல்வெட்டு, 1114ஆம் ஆண்டுக்குரியது, கூறுகிறது. கல்லுக்கு அங்கே இடம் கிடைத்தது. அதைக் கடல் கடத்திக் கொணர்ந்தவனுக்கு ஒரு சொல்லும் கிடைக்கவில்லை.

சாரங்கு, தண்டையல், சுக்கான் என்னும் சொற்கள் மட்டும் கரையோரப் பேச்சில் எஞ்சின. ஐரோப்பியக் கப்பல்களில் லஸ்கர்களாகச் சென்ற இந்திய மாலுமிகள் ஏராளம். ஆங்கிலேய மாலுமியின் பெயராவது கப்பலின் ஆட்பதிவேட்டில் இருக்கும். அப்பதிவேடுகள் லண்டனில் பேணப்படுகின்றன. அலையில் சலங்கு செலுத்தியவனுக்கு ஏடும் இல்லை, பெயரும் இல்லை. பழஞ்சுவடியாகக் கிடைத்த கப்பல் சாத்திரம் மரத்தின் இலக்கணம் உரைக்கிறது. மாலுமியின் மனத்தை உரைக்கவில்லை. ஏலேலப் பாட்டு ஒன்றே அவர்களது குரல். அதுவும் எழுதியவன் பெயரற்றது. 2004 டிசம்பர் 26இல் இதே தேவனாம்பட்டினத்தைக் கடல் விழுங்கியபோதும், 2011 டிசம்பர் 30இல் தானே புயல் இம்மாவட்டத்தைச் சிதைத்தபோதும் எழுந்த கவிதைகளுட் பல கரையில் நின்ற கண்ணீரே. படகில் இருந்தவன் கண்ட கடல் வேறு. இலக்கிய வட்டத்துக் கவிஞர்கள் பத்தாண்டு நிறைவில் எண்ணிப் பார்க்க வேண்டிய இடைவெளி இது.

அவ்விடைவெளி நிரப்ப இயலாதது அன்று என்பதற்குச் சான்று இப்புயலின் மறுமுனையிலேயே உள்ளது. கடலூரில் மூழ்கிய நாமூருக்கு மாற்றாக அதே பெயரில் இன்னொரு கலம் 1756இல் கடலில் இறக்கப்பட்டது. பாஸ்கவன் அதிலும் கொடி ஏற்றினார். அதன் கீழ்த்தளத்தில் அடிமையாகப் பணிசெய்த கறுப்பினச் சிறுவன் ஒலாடா எக்குவியானோ. 1759இல் லாகோஸ் கடற்போரில் பீரங்கிக்கு மருந்து சுமந்து ஓடியவன், பின்னர் விடுதலை பெற்று, 1789இல் தன் வரலாற்றை நூலாக எழுதினான். அடிமை வணிக ஒழிப்புக்கு வலுச்சேர்த்த நூல் அது. கீழ்த்தளத்திலிருந்தும் ஒரு குரல் எழலாம். எழுத்து வாய்த்தால் போதும்.

அந்த இரண்டாம் நாமூரின் மரங்களை 1995இல் இங்கிலாந்தின் சாத்தம் கப்பல் தளத்தில், பழைய பட்டறை ஒன்றின் தரைப்பலகைக்குக் கீழே கண்டெடுத்தனர். எந்தக் கப்பலுடையவை என்று தெரிந்துகொள்ளவே பல ஆண்டுகள் ஆயின. இன்று அவை அங்கே காட்சியில் உள்ளன. பார்க்க வருவோர் நுழைவுச் சீட்டு வாங்குகின்றனர். முதல் நாமூர் மூழ்கியது தேவனாம்பட்டினத்துக் கடலில். அக்கடலில் விடியுமுன் வலை ஏற்றிய படகுகள் போய்க்கொண்டிருக்கின்றன.