திடல் யார் பெயரில் இருக்கிறது?

(தொலைக்காட்சிக் கருத்தரங்கு ஒன்றில் நிகழ்த்தப்பட்ட உரை)



‘விளையாட்டும் சமூகமும்’ என்பது இன்றைய கருத்தரங்கின் பொருள். எனக்கு முன் பேசியவர்கள் பயிற்சி பற்றியும் பள்ளி விளையாட்டு பற்றியும் பெற்றோரின் பங்கு பற்றியும் நல்ல கருத்துகளைச் சொன்னார்கள். நான் ஒரே ஒரு காற்பந்துக் குழுவை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். நூறு ஆண்டுகளுக்கு மேல் இருந்த ஊரை விட்டு அந்தக் குழு போய்விட்டது. அது ஏன் போனது, போன பிறகு அந்த ஊர் மக்கள் என்ன செய்தார்கள் என்பதுதான் என் பேச்சு.

விம்பிள்டன் என்றவுடன் நம் எல்லோருக்கும் டென்னிஸ் நினைவுக்கு வரும். லண்டனின் தென்மேற்கில் உள்ள அதே விம்பிள்டனில் 1889-ஆம் ஆண்டு, ஒரு பள்ளியின் முன்னாள் மாணவர்கள் சேர்ந்து காற்பந்துக் குழு ஒன்றைத் தொடங்கினார்கள். 1912 முதல் பிளவ் லேன் என்ற சாலையில் இருந்த திடல் அவர்களுக்கு வீடானது. பல காலம் அது சம்பளம் வாங்காத ஆட்டக்காரர்களின் குழுதான். 1963-இல் அமெச்சூர் கிண்ணத்தை வென்றது. 1977-இல்தான் இங்கிலாந்து லீக்கில் இடம் கிடைத்தது. அடுத்த ஒன்பதே ஆண்டுகளில், 1986-இல், முதல் பிரிவுக்கு ஏறிவிட்டது.

1988 மே 14. வெம்பிளி அரங்கில் எஃப்ஏ கிண்ண இறுதியாட்டம். எதிரே லிவர்பூல். நம் நாட்டில் பாதிப் பேர் இன்றும் சட்டை வாங்கிப் போட்டுக்கொள்ளும் அதே லிவர்பூல். லாரி சான்செஸ் தலையால் முட்டி ஒரு கோல் போட்டார். லிவர்பூலுக்குப் பெனால்டி கிடைத்தது. ஜான் ஆல்ட்ரிட்ஜ் உதைத்த பந்தை விம்பிள்டனின் கோல் காவலர் டேவ் பீசன்ட் தடுத்துவிட்டார். வெம்பிளியில் நடந்த எஃப்ஏ கிண்ண இறுதியாட்டங்களில் பெனால்டி தடுக்கப்பட்டது அதுவே முதல் முறை. ஒன்றுக்குச் சுழியம் என்று விம்பிள்டன் வென்றது.

அப்படிப்பட்ட குழு, கிண்ணம் வென்ற மூன்றே ஆண்டுகளில் வீடு இழந்தது.

வீடு போனது எப்போது?

1989 ஏப்ரலில் ஷெஃபீல்ட் நகரின் ஹில்ஸ்பரோ அரங்கில் ஏற்பட்ட நெரிசலில் 97 லிவர்பூல் ரசிகர்கள் உயிரிழந்தார்கள். அதன் பிறகு வந்த டெய்லர் அறிக்கை, உயர்மட்டக் குழுக்களின் அரங்குகளில் எல்லோருக்கும் இருக்கை வேண்டும் என்றது. நியாயமான விதிதான். ஆனால் பிளவ் லேன் சிறிய, பழைய திடல். அதைச் சீராக்க முடியாது என்று நிர்வாகம் முடிவு செய்தது. 1991-இல் கிரிஸ்டல் பேலஸ் குழுவின் செல்ஹர்ஸ்ட் பார்க் அரங்குக்கு வாடகைக்குப் போனார்கள். கொஞ்ச காலத்துக்குத்தான் என்றார்கள். அந்தக் கொஞ்ச காலம் 12 ஆண்டுகள் நீண்டது.

இதற்கிடையில் 1997-இல் குழு நார்வே நாட்டு முதலாளிகளின் கைக்கு மாறியது. 1998-இல் பிளவ் லேன் நிலம் ஒரு பேரங்காடி நிறுவனத்துக்கு விற்கப்பட்டது. பேரங்காடி கடைசிவரை வரவில்லை. பிற்பாடு அங்கே அடுக்குமாடி வீடுகள் எழுந்தன.

நேயர்களே, இந்த இடத்தைக் கொஞ்சம் கவனியுங்கள். குழு ஊரை விட்டுப் போனது 2003-இல் என்று எல்லோரும் எழுதுகிறார்கள். என்னைக் கேட்டால், அது போனது 1991-இல். அன்றைக்கும் அதற்குப் பிறகும் குழு முதல் பிரிவில்தான் இருந்தது. மான்செஸ்டர் யுனைட்டெட் வந்தது, ஆர்சனல் வந்தது. மேலே எல்லாம் நன்றாகத் தெரிந்தது. காலடியில் நிலம் இல்லை என்பது மட்டும் பெரிதாகத் தெரியவில்லை. சொந்த நிலம் இல்லாத குழுவை எங்கே வேண்டுமானாலும் தூக்கிக்கொண்டு போகலாம்.

90 கிலோமீட்டர் தூரம்

2000-ஆம் ஆண்டு விம்பிள்டன் பிரிமியர் லீக்கிலிருந்து கீழே இறங்கியது. அந்த நாளும் மே 14-தான். கிண்ணம் வென்று சரியாக 12 ஆண்டுகள். வருமானம் சுருங்கியது. 2001 ஆகஸ்ட்டில் நிர்வாகம் ஓர் அறிவிப்பு வெளியிட்டது: குழு மில்டன் கீன்ஸ் நகருக்குப் போகிறது.

மில்டன் கீன்ஸ் விம்பிள்டனிலிருந்து ஏறக்குறைய 90 கிலோமீட்டர் வடக்கே இருக்கிறது. 1967-இல் திட்டமிட்டு உருவாக்கப்பட்ட புதிய நகரம். அங்கே பெரிய அரங்கம் கட்டுவதற்கு ஒரு வணிகக் கூட்டணி தயாராக இருந்தது. அரங்கத்தோடு பெரிய கடைகளும் வரும். லீக்கில் ஆடும் ஒரு குழு மட்டும்தான் அவர்களிடம் இல்லை. வேறு சில குழுக்களையும் கேட்டுப் பார்த்தார்கள். கடைசியில் வீடில்லாத விம்பிள்டன் கிடைத்தது.

முதலாளிகள் தரப்பிலும் ஒரு நியாயம் இருந்தது. பணம் கரைகிறது, சொந்த அரங்கம் இல்லை, வாடகை அரங்கில் கூட்டமும் இல்லை. இப்படியே போனால் குழு மூடப்படும் என்றார்கள். அதைப் பொய் என்று சொல்ல முடியாது. ஆனால் ரசிகர்கள் கேட்ட கேள்வியும் பொய்யில்லை: ஊரை விட்டுவிட்டுக் காப்பாற்றினால், எதைக் காப்பாற்றியதாக ஆகும்?

லீக் நிர்வாகம் முதலில் மறுத்தது. விவகாரம் மேல்முறையீட்டுக்குப் போனது. இங்கிலாந்து காற்பந்துச் சங்கம் அமைத்த மூவர் குழு, 2002 மே 28-ஆம் தேதி, இரண்டுக்கு ஒன்று என்ற கணக்கில் இடமாற்றத்துக்கு அனுமதி கொடுத்தது. ரசிகர்கள் அடித்தளத்திலிருந்து புதிதாக ஒரு விம்பிள்டன் குழுவைத் தொடங்குவது காற்பந்தின் பரந்த நலனுக்கு ஏற்றதல்ல என்றும் அந்தத் தீர்ப்பு சொன்னது.

அமெரிக்காவில் இது புதிதில்லை. அங்கே அவர்களுடைய காற்பந்து வேறு வகை. 1984 மார்ச்சில் பால்டிமோர் நகரின் கோல்ட்ஸ் குழு ராத்திரியோடு ராத்திரியாகச் சாமான்களை லாரிகளில் ஏற்றிக்கொண்டு இண்டியானபொலிஸ் நகருக்குப் போய்விட்டது. 1996-இல் கிளீவ்லண்ட் நகரின் பிரவுன்ஸ் குழு கிளம்பியபோது ஊர் விடவில்லை. பெயர், வண்ணம், சாதனைப் பட்டியல் மூன்றும் எங்களுக்கே என்று போராடி வாங்கிக்கொண்டது. 1999-இல் அதே பெயரில் புதுக் குழு வந்தது. இங்கிலாந்தில் அப்படிப் பழக்கம் இல்லை. அதனால்தான் விம்பிள்டன் விவகாரம் நாடு முழுவதும் ரசிகர்களைக் கொதிக்க வைத்தது.

புல்வெளியில் 230 பேர்

தீர்ப்பு வந்த இரண்டாம் நாள், மே 30, ரசிகர்கள் கூடினார்கள். மேல்முறையீடு, வழக்கு என்று அலைந்து களைத்துப்போனவர்கள். நமக்குக் காற்பந்து பார்க்க வேண்டும், நம் குழுவை நாமே தொடங்குவோம் என்று முடிவு செய்தார்கள். பெயர் ஏஎஃப்சி விம்பிள்டன். உரிமை ஒரு முதலாளியிடம் இருக்காது. ரசிகர்களின் அறக்கட்டளையிடம் இருக்கும்.

ஆட்டக்காரர்கள்? விம்பிள்டன் பொதுப் புல்வெளியில் ஜூன் 29-ஆம் தேதி தேர்வு வைத்தார்கள். 230 பேர் வந்தார்கள். ஜூலை 10-ஆம் தேதி சட்டன் யுனைட்டெட்டுடன் முதல் நட்புமுறை ஆட்டம். நான்கு கோல்கள் வாங்கித் தோற்றார்கள். ஆனால் அந்தத் தோல்வியைப் பார்க்க 4,657 பேர் வந்திருந்தார்கள்.

புதுக் குழு ஒன்பதாம் நிலை லீக்கில் சேர்ந்தது. அது வார இறுதியில் உள்ளூர் வேலைக்காரர்கள் ஆடும் லீக். அங்கே அவர்களுடைய சொந்தத் திடல் ஆட்டங்களுக்குச் சராசரியாக 3,000 பேர் வந்தார்கள். அதே பருவத்தில், ஏழு நிலைகள் மேலே இருந்த பழைய விம்பிள்டன், இன்னும் இடம் மாறாமல் செல்ஹர்ஸ்ட் பார்க்கில் ஆடிக்கொண்டிருந்தது. 2002 அக்டோபரில் ரொதர்ஹாமுடன் நடந்த லீக் ஆட்டத்துக்கு வந்தவர்கள் 849 பேர்தான். எண்ணிக்கையே பேசிவிட்டது.

பழைய குழு 2003 ஜூனில் நொடித்துப்போய் நிர்வாகிகளின் கைக்குப் போனது. செப்டம்பரில் மில்டன் கீன்ஸ் போய்ச் சேர்ந்தது. 2004-இல் மில்டன் கீன்ஸ் டான்ஸ் என்று பெயர் மாறியது.

புதுக் குழுவோ 2003-க்கும் 2004-க்கும் இடையில் 78 லீக் ஆட்டங்களில் தோல்வியே காணவில்லை. ஒவ்வொரு படியாக ஏறியது. 2011 மே மாதம் லூட்டன் டவுனைப் பெனால்டியில் வென்று இங்கிலாந்து லீக்கில் நுழைந்தது. தொடங்கி ஒன்பது ஆண்டுகள்! 1977-இலிருந்து 1986 வரை முதல் விம்பிள்டன் எடுத்துக்கொண்டதும் ஒன்பது ஆண்டுகள்தான்.

உரிமம் மக்களோடு போனால்…

இதைக் கேட்கும்போது நம்மில் பலருக்கு வேறு ஏதோ ஞாபகம் வரும். தோட்டத்தில் வளர்ந்த பெரியவர்களைக் கேட்டுப் பாருங்கள். கோயில், பள்ளி, அதன் பக்கத்தில் ஒரு திடல். சம்பளம் போட்ட வாரத்தில் பக்கத்துத் தோட்டத்தோடு ஆட்டம். தோட்டம் கைமாறியபோது திடலும் போனது, அந்தக் குழுவும் போனது. திடல் நம்முடையது என்றுதான் நினைத்திருந்தோம். பட்டா நம் பெயரில் இருந்ததில்லை.

ஆனால் நம் பள்ளிகளின் கதையில் ஒரு வேறுபாடு உண்டு. தோட்டத்தில் பிள்ளைகள் குறைந்தபோது பல தமிழ்ப்பள்ளிகளின் உரிமம் மக்கள் குடிபோன தாமான்களுக்கு மாற்றப்பட்டது. ரப்பர் மரமே இல்லாத இடத்தில் இன்னும் தோட்டத்தின் பெயரோடு பள்ளி நிற்கிறது. அங்கே உரிமம் மக்களைத் தேடிப் போனது. விம்பிள்டனில் உரிமம் மக்களை விட்டுவிட்டுப் போனது. இடமாற்றம் என்ற ஒரே சொல்லுக்குள் இரண்டு எதிரெதிரான காரியங்கள் இருக்கின்றன.

மில்டன் கீன்ஸ் மக்களைக் குறை சொல்ல நான் வரவில்லை. அங்கே 2007-இல் பெரிய அரங்கம் திறக்கப்பட்டது. அந்த ஊர்ப் பிள்ளைகள் அந்தக் குழுவைப் பார்த்தே வளர்ந்தார்கள்; அவர்களுக்கு அதுதான் சொந்தக் குழு. அதே 2007-இல், எஃப்ஏ கிண்ணத்தின் நகல் உட்பட பழைய விம்பிள்டனின் வெற்றிச் சின்னங்கள், விம்பிள்டன் அமைந்துள்ள மெர்ட்டன் வட்டாரத்துக்குத் திருப்பித் தரப்பட்டன. தாமதமாக வந்தாலும் அது நல்ல காரியம்.

புதுக் குழுவின் கணக்கிலும் ஒரு குறை உண்டு. அவர்கள் ஆடிய கிங்ஸ்மெடோ திடல் முதலில் கிங்ஸ்டோனியன் என்ற சிறிய குழுவின் வீடு. 2003-இல் அதன் குத்தகையை வாங்கினார்கள், கிங்ஸ்டோனியனையும் அங்கேயே ஆட விட்டார்கள். பிறகு, தங்கள் ஊருக்குத் திரும்பப் பணம் வேண்டும் என்று அந்தத் திடலைச் செல்சிக்கு விற்றார்கள். 2017-இல் கிங்ஸ்டோனியன் வெளியேற வேண்டியதாயிற்று. வீடு இழந்தவர்கள் வீடு திரும்ப, இன்னொருவர் வீடு இழந்தார். இதையும் மறைக்காமல் சொல்லத்தான் வேண்டும்.

திரும்பிய வழி

2015 டிசம்பரில் மெர்ட்டன் நகர மன்றம் பிளவ் லேனில் புதிய அரங்கத்துக்கு அனுமதி கொடுத்தது. நாய்ப் பந்தயத் திடல் இருந்த இடம். பழைய திடலிலிருந்து நடந்து போகும் தூரம். பாதி கட்டியபோது பணம் போதவில்லை. வெளியிலிருந்து பெரிய முதலீட்டாளரைக் கொண்டு வரலாமா என்ற பேச்சு எழுந்தது. அப்படிச் செய்தால் மறுபடியும் குழு ஒருவர் கைக்குப் போய்விடும் என்று ரசிகர்கள் அஞ்சினார்கள். 2020-இல் கடன் பத்திரம் வெளியிட்டார்கள். ரசிகர்களும் மற்றவர்களும் சேர்ந்து 5 மில்லியன் பவுண்டுக்கு மேல் கொடுத்தார்கள்.

2020 நவம்பர் 3-ஆம் தேதி டோன்காஸ்டர் ரோவர்ஸுடன் முதல் ஆட்டம். 29 ஆண்டுகளுக்குப் பிறகு பிளவ் லேனில் பந்து உருண்டது. கொரோனா கட்டுப்பாட்டால் பார்வையாளர் ஒருவருக்கும் அனுமதியில்லை. காசு கொடுத்தவர்கள் வீட்டில் உட்கார்ந்து பார்த்தார்கள். ஆட்டம் இரண்டுக்கு இரண்டு. 2022-இல் குழு ஒரு பிரிவு கீழே இறங்கியது. 2025 மே மாதம் வெம்பிளியில் வால்சாலை வென்று மீண்டும் ஏறியது. ஏற்றமும் இறக்கமும் விளையாட்டில் உண்டு. இனி யாரும் அதை லாரியில் ஏற்றிக்கொண்டு போக முடியாதபடி செய்திருக்கிறார்கள் என்பதுதான் பெரிது.

முதலாளியே கூடாது என்று நான் சொல்லவில்லை. பணம் இல்லாமல் குழு நடக்காது. ஆனால் எல்லை எது என்று எழுதி வைக்க வேண்டும். நம் நாட்டுத் தொழிலதிபர் வின்சென்ட் டான் 2010-இல் கார்டிஃப் குழுவில் பணம் போட்டார். 2012-இல் அதன் நீலச் சட்டையைச் சிவப்பாக்கினார். ரசிகர்கள் விடவில்லை, 2015 ஜனவரியில் நீலம் திரும்பியது. நம்மில் சிலர் அப்போது, சட்டை நிறத்துக்கா இவ்வளவு சண்டை என்று சிரித்தோம். விம்பிள்டன் கதை தெரிந்தவர்கள் சிரிக்க மாட்டார்கள். நிறத்தில் தொடங்கியது நிலத்தில் முடியும் என்று அவர்களுக்குத் தெரியும்.

கடைசியாக ஒரு வேண்டுகோள். நம் தாமானில் காற்பந்துக் குழு இருக்கலாம், இளைஞர் மன்றம் இருக்கலாம், கோயில் இருக்கலாம். வெற்றி விழாவுக்கு எல்லோரும் வருகிறோம், படம் எடுத்துக்கொள்கிறோம். ஆண்டுப் பொதுக்கூட்டத்துக்கு எத்தனை பேர் போகிறோம்? சங்கப் பதிவு புதுப்பிக்கப்பட்டதா, கணக்கு யாரிடம் இருக்கிறது, திடலோ மண்டபமோ யார் பெயரில் இருக்கிறது என்று கேட்டிருக்கிறோமா? கேட்டால் சந்தேகப்படுவதாக நினைப்பார்களோ என்று கூச்சம். அந்தக் கூச்சத்துக்கு விம்பிள்டன் மக்கள் கொடுத்த விலை 29 ஆண்டுகள்.

பாசம் இருந்தால் மட்டும் போதாது. பாசம் உள்ளவர்கள் கையில் பத்திரமும் இருக்க வேண்டும். இந்த வாரமே உங்கள் சங்கத்தின் செயலாளரைப் பார்த்து அன்போடு ஒரு கேள்வி கேளுங்கள்.