உப்பளத்தில் ஒரு மறைப்பு
(ஆண்டு விழாவில் உறுப்பினர் ஒருவர் பேசியது)

எனக்கு மைக் பிடித்துப் பழக்கம் இல்லை. உப்புச் சுமந்துதான் பழக்கம். "உன் வேலையைப் பத்திச் சொல்லு, போதும்"னு அக்கா சொன்னாங்க. சொல்லுதேன்.

விடியுமுன்னே அளத்தில் இருக்கணும். வெயில் ஏறிட்டா உப்பு மேலே கண்ணை வைக்க முடியாது. ஜனவரியில் செய்நேர்த்தி. பாத்தித் தரை இறுகும்வரை வரிசையா நின்னு மிதிக்கணும். தெப்பத்தில் தண்ணி காய்ந்து 24 டிகிரி வந்த பிறகுதான் பாத்தியில் உப்பு இறங்கும். எங்க அம்மா விரலால் தொட்டே பதம் சொல்லிடுவா. வாரிப் போட்டதை நாங்க சுமந்து அம்பாரத்தில் தட்டணும். கால் வெடிப்பில் உப்புத்தண்ணி பட்டா எப்படி இருக்கும்னு இங்கே பாதிப் பேருக்குத் தெரியும்.

நான் சொல்ல வந்தது வேற. அளத்தில் ஒதுங்க மறைவு கிடையாது. கண்ணுக்கெட்டின தூரம் வெட்டவெளி. அதனால் தண்ணியே குடிக்க மாட்டோம். 2022-ல் எனக்கு நீர்க்கடுப்பு வந்து, காய்ச்சலாகி, பதினோரு நாள் கூலி போச்சு. டாக்டரம்மா "தண்ணி நிறையக் குடிங்க"ன்னாங்க. சிரிப்புதான் வந்தது.

தவணை கட்ட முடியாமல் குழுக் கூட்டத்தில் தலை குனிஞ்சு உட்கார்ந்திருந்தேன். ஏன்னு கேட்டாங்க. வெட்கத்தை விட்டுச் சொன்னேன். பார்த்தா, அளத்துக்குப் போற ஏழு பேருக்கும் அதே கடுப்பு! தினம் ஒரே வரப்பில் நடக்கோம், ஒருத்தருக்கொருத்தர் சொன்னதே இல்லை.

மறுவாரம் ஏழு பேரும் கணக்கரிடம் போய் நின்னோம். "இத்தனை வருஷம் இல்லாதது இப்போ என்ன?" என்றார். நாங்க சண்டை போடலை. வரப்பில் உட்கார்ந்துட்டோம். வாரின உப்பு அப்படியே கிடந்தது. பத்து மணிக்கு முதலாளி வந்தார். நாலு நாளில் கம்பு நட்டு, தகரம் அடிச்சு ஒரு மறைப்பு வந்துச்சு, ஒரு தண்ணி டிரம்மும் வந்துச்சு. கதவுக்குக் கொக்கி மட்டும் நாங்க வாங்கிப் போட்டது.

2023 டிசம்பர் வெள்ளத்தில் அம்பாரமும் கரைஞ்சது, மறைப்பும் போச்சு. மறுபடி கேட்டோம். இந்தத் தடவை உட்கார வேண்டி வரலை.

அக்டோபர் முதல் டிசம்பர் வரை நமக்கு வேலை இல்லாததால் அரசு தருகிற 5,000 ரூபாய் மழைக்கால நிவாரணத்துக்கு இன்னும் பேர் கொடுக்காத அக்காமார் இருந்தா, சாப்பாட்டுக்கு முன்னாடி என்னைப் பாருங்க. ஆதார் நகலைக் கையோட கொண்டு வாங்க.