உச்சியினும் உயர்ந்தது
(ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)



வீரம் என்றதும் மலையுச்சியில் நாட்டிய கொடியே நம் கண்முன் வருகின்றது. அவ்வுச்சிக்குப் போகும் வழியிலே வீரன் என்ன செய்தான் என்று நாம் கேட்பதில்லை. அவ்வாறு கேட்கத் தக்க ஒருவரைப் பற்றி இன்று சில வார்த்தைகள் கூற விரும்புகின்றேன்.

டேவிட் பிறஷியர்ஸ் என்பவர் 1955இல் பிறந்த அமெரிக்கர், மலையேறுபவர், படப்பிடிப்பாளர். எவறெஸ்ற் உச்சியை இருமுறை அடைந்த முதல் அமெரிக்கர் அவரே. 1996ஆம் ஆண்டில் ஐமாக்ஸ் என்னும் பெருந்திரைக் கமராவை அவ்வுச்சிக்குக் கொண்டு செல்லத் துணிந்தார். நிறையைக் குறைத்துச் செய்த பின்பும் அக்கமரா 42 றாத்தல் இருந்தது. 500 அடிப் படச்சுருளோ 90 விநாடிகளில் ஓடி முடிந்துவிடும். அவர் குழுவிலே, 1953இல் ஹிலறியுடன் முதன்முதல் உச்சியை அடைந்த தென்சிங்கின் மைந்தர் ஜாம்லிங்கும் இருந்தார்.

மே 9ஆம் தேதி, காற்றின் போக்கும் மலையிலே கூட்டமும் சரியில்லை எனக் கண்டு, பாதி வழியிலே தம் குழுவினரைக் கீழே இறக்கினார். எதிரே மற்றக் குழுவினர் மேலே ஏறிக்கொண்டிருந்தனர். திரும்பி வருதல் எவ்வளவு கடினம் என்பதை எண்ணிப் பாருங்கள்!

மறுநாள் பெரும்புயல் வீசியது. எட்டுப் பேர் மாண்டனர். ஏறக்குறைய 26,000 அடி உயரத்திலுள்ள தென்கணவாயில் எஞ்சியோர் பிராணவாயு இன்றித் தவித்தனர். அங்கே பிறஷியர்ஸ் குழுவினர் தங்கள் ஏற்றத்துக்கெனச் சேமித்து வைத்த பிராணவாயுக் குப்பிகள் இருந்தன. அவற்றைக் கொடுத்துவிட்டால் படம் எடுக்க முடியாமலே போகலாம். எனினும், கூடாரத்தைத் திறந்து வேண்டியதை எடுத்துக்கொள்ளுமாறு வானொலி மூலம் சொல்லியனுப்பினார். பனியில் உறைந்து, இறந்தவரென விடப்பட்டு, பின் தாமே எழுந்து கூடாரம் வந்து சேர்ந்த ஒருவரைக் கீழே இறக்கவும் அக்குழுவினர் தோள் கொடுத்தனர்.

அதன்பின் மனந்தளராது மீண்டும் ஏறினர். மே 23ஆம் தேதி கமராவும் உச்சியை அடைந்தது. 1998இல் வெளிவந்த “எவறெஸ்ற்” என்னும் அப்படத்தை உலகெங்கும் மக்கள் கண்டு வியந்தனர். பிறஷியர்ஸ் 2024இல் காலமானார்.

வாலிப அன்பர்களே, கொடுப்பதற்கு அவரிடம் பொருள் இருந்ததே, அது எப்படி? முன்கூட்டியே கணக்கிட்டுச் சேமித்தமையால் அன்றோ! ஆயத்தம் இல்லாதவன் இரங்கலாம், உதவ இயலாது. எடுத்த கருமத்துக்கு வேண்டியதைக் குறைவின்றித் தேடி வையுங்கள். ஓர் உயிர் குறுக்கிட்டால் அதனைத் தயங்காது கொடுங்கள். கொடுத்தபின் கருமத்தைக் கைவிடாதீர்கள். இம்மூன்றும் ஒருங்கே அமைந்தவனையே வீரன் என்று நான் சொல்வேன்.