ஸ்டார்ட்டரை மாற்றுமுன் சோதித்துப் பாருங்கள்

(மெர்சிங் வட்டாரத் தோட்டத் தொழிலாளர் கூட்டத்தில் நிகழ்த்திய உரை)



சங்கக் கூட்டத்தில் சம்பளம் பேசுவோம், வீட்டு வசதி பேசுவோம், மருத்துவம் பேசுவோம். இன்று ஒருவன் மோட்டார் காரைப் பற்றிப் பேச வந்திருக்கிறானே என்று பின்வரிசையில் சிலர் புன்னகை செய்வது தெரிகிறது. இதுவும் சம்பள விஷயந்தான். 2025 பிப்ரவரி முதல் குறைந்தபட்சச் சம்பளம் மாதம் 1,700 வெள்ளி. 26 வேலை நாளால் வகுத்தால் நாளொன்றுக்கு 65 வெள்ளி 38 காசு. "ஸ்டார்ட்டர் போய்விட்டது, 300 வெள்ளி ஆகும்" என்று பட்டறையில் சொல்லுகிறார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். அந்தப் பணத்துக்கு நாம் நான்கரை நாள் மரம் வெட்ட வேண்டும். போனது ஸ்டார்ட்டர்தானா என்று நாமே பார்த்துக்கொள்ள முடியுமானால், அதைக் கற்றுக்கொள்வதில் வெட்கம் என்ன?

நம் பக்கத்துச் சங்கதி உங்களுக்குத் தெரியும். தோட்டத்து மண் சாலைக்குள் பஸ் வருவதில்லை. இருட்டோடு பெரட்டுக்குப் போக வேண்டும். பிள்ளையைப் பள்ளியில் விட வேண்டும். இரவில் ஒருவருக்கு நெஞ்சு வலி என்றால் மெர்சிங் ஆஸ்பத்திரிக்கு ஓட வேண்டும். பெரிய வைத்தியம் என்றால் ஜெமாலுவாங் வழியாகக் குளுவாங் வரை போக வேண்டும். லயத்து வாசலில் நிற்கிற பழைய சாகாவும் கஞ்சிலும் ஆடம்பரப் பொருள்கள் அல்ல. 1985-இல் புரோட்டோன் சாகாவும், 1994-இல் பெரோடுவா கஞ்சிலும் வந்த பிறகுதான் நம்மில் பலருக்குக் கார் என்பது கைக்கு எட்டியது. அவை பல கை மாறி, வயதாகி, நம்மிடம் வந்து சேர்ந்திருக்கின்றன. போதாததற்குத் தென்சீனக் கடலின் உப்புக் காற்று. நவம்பரில் தொடங்கி மார்ச் வரை வடகிழக்குப் பருவமழை. இரும்பும் செம்பும் பூத்துப்போவதற்கு இதைவிட வேறென்ன வேண்டும்?

முதலில் ஸ்டார்ட்டர் என்பது என்ன என்று பார்ப்போம். அந்தக் காலத்தில் கார் எஞ்சினைக் கைப்பிடி போட்டுச் சுற்றித்தான் கிளப்புவார்கள். எஞ்சின் எதிர்த்து உதைத்தால் மணிக்கட்டு முறியும். தோட்டத் துரைமார்கள் வைத்திருந்த மோரிஸ் மைனரிலுங்கூடக் கைப்பிடி செருக முன்பக்கம் துவாரம் இருந்தது, மூத்தவர்கள் பார்த்திருப்பீர்கள். அமெரிக்காவில் சார்லஸ் கெட்டரிங் என்பவர்தான் இந்தத் தொல்லையைத் தீர்த்தவர். 1912-ஆம் ஆண்டுக்கான கெடிலாக் கார்களில் அவருடைய மின்சார ஸ்டார்ட்டர் வந்தது. கிராணிமார்கள் கவனிக்க வேண்டிய செய்தி ஒன்று உண்டு. அவர் அதற்கு முன் கடைகளில் காசு வாங்கிப் போடும் கல்லாப்பெட்டி யந்திரத்துக்கு மின்சார மோட்டார் செய்தவர். கல்லாப்பெட்டி மோட்டார் நாள் முழுதும் ஓட வேண்டியதில்லை. ஒரு நொடி வேகமாக வேலை செய்துவிட்டு ஓய்ந்தால் போதும். ஆகவே சின்ன மோட்டாரிடம் அதன் சக்திக்கு மீறிய வேலையைச் சிறிது நேரம் மட்டும் வாங்கலாம். இந்த யோசனைதான் காருக்கும் போயிற்று. நம் தமிழ்நாட்டிலும் சென்னைக்கு அருகே பாடியில் 1961-இல் தொடங்கிய லூக்காஸ் டிவிஎஸ் தொழிற்சாலையில் ஸ்டார்ட்டர் செய்கிறார்கள்.

இந்தக் "கொஞ்ச நேரம், பெரிய வேலை" என்பதை மறவாதீர்கள். சாவியை ஒரேயடியாக 10 விநாடிக்கு மேல் பிடித்திருந்தால் மோட்டார் உள்ளே வெந்துபோகும். கிளம்பவில்லையா, விடுங்கள், அரை நிமிஷமாவது ஆறட்டும், பிறகு திரும்பப் பாருங்கள். ஆத்திரத்தில் சாவியைத் திருகிக்கொண்டே இருந்து, நல்ல ஸ்டார்ட்டரைக் கருக்கியவர்கள் உண்டு.

வேலை நடக்கும் விதம் எளியது. சாவியைத் திருப்பினால் மெல்லிய ஒயர் ஒன்றின் வழியாகக் கொஞ்சம் மின்சாரம் ஸ்டார்ட்டரின் தலையில் உட்கார்ந்திருக்கிற சோலனாய்டு என்ற உருளைக்குப் போகிறது. அது காந்தமாகி இரண்டு வேலை செய்கிறது. சின்னப் பல்சக்கரத்தை முன்னே தள்ளி, எஞ்சினின் பிளைவீலைச் சுற்றியிருக்கும் பெரிய பல்வளையத்தில் கோக்கிறது. அதோடு, பாட்டரியிலிருந்து வரும் தடித்த கம்பியை மோட்டாரோடு இணைக்கிறது. அந்தத் தடித்த கம்பியில் ஓடுவது சாதாரண மின்சாரம் அல்ல. சின்னக் காரிலேயே நூறு ஆம்பியருக்கு மேல் ஓடும். எஞ்சின் கிளம்பியதும் சாவியை விட்டால் பல்சக்கரம் பின்வாங்கிவிடும்.

நூறு ஆம்பியருக்கு மேல் என்றேனே, அதில்தான் சூட்சுமம் இருக்கிறது. பாட்டரி முனையில் பச்சையும் வெள்ளையுமாகப் பூத்திருக்கிறது அல்லவா? அந்தப் பூப்பின் தடை ஓர் ஓமில் ஐம்பதில் ஒரு பங்குதான் என்று வையுங்கள். ரேடியோவுக்கும் விளக்குக்கும் அது ஒரு பொருட்டே அல்ல. ஆனால் 150 ஆம்பியர் கேட்கும்போது அந்த இடத்திலேயே 3 வோல்ட் தொலைந்துபோகும். 12 வோல்ட் பாட்டரியில் 3 வோல்ட் வழியிலேயே போனால் ஸ்டார்ட்டருக்கு என்ன மிஞ்சும்? கோட்டில் ஒட்டுப்பால் அடைத்துக்கொண்டால் மரத்தில் எவ்வளவு பால் இருந்தென்ன, கோப்பைக்கு வந்து சேருமா? "விளக்கு எரிகிறது, ஆகவே பாட்டரி நன்றாயிருக்கிறது, ஸ்டார்ட்டர்தான் போய்விட்டது" என்று பட்டறையில் சொன்னால், இந்தக் கணக்கை நினைத்துக்கொள்ளுங்கள்.

இனி, காதைத் தீட்டிக்கொள்ளுங்கள். பழுது எங்கே என்பதைச் சத்தமே சொல்லிவிடும்.

கட கட கட என்று விடாமல் அடித்தால் பெரும்பாலும் பாட்டரி இறங்கியிருக்கிறது, அல்லது முனை பூத்திருக்கிறது. ஸ்டார்ட்டரைத் தொடவே வேண்டாம். ஒரே ஒரு "டக்", பிறகு மௌனம் என்றால் சோலனாய்டு வேலை செய்ய முயன்றிருக்கிறது, மோட்டார் சுற்றவில்லை. உள்ளே தொடும் செப்புத் தகடு தேய்ந்திருக்கலாம், கார்பன் பிரஷ் தேய்ந்திருக்கலாம். விர்ரென்று மோட்டார் தனியாகச் சுற்றி எஞ்சின் அசையாவிட்டால் பல்சக்கரமோ அதன் கிளட்சோ கெட்டிருக்கிறது. கர கரவென்று அரைத்தால் பல் தேய்ந்திருக்கிறது. இதை அசட்டை செய்யாதீர்கள், பல்வளையமும் போய்விட்டால் கியர் பெட்டியையே இறக்க வேண்டியிருக்கும், செலவு பல மடங்கு. ஒரு சத்தமுமே இல்லாவிட்டால் சாவி ஸ்விட்ச், ரிலே, பியூஸ், மெல்லிய ஒயர் இவற்றைப் பாருங்கள். ஆட்டோ கியர் வண்டியானால் கியரை என்-இல் வைத்துத் திருப்பிப் பாருங்கள். பி-இல் கிளம்பாதது என்-இல் கிளம்பினால் கியரடி ஸ்விட்சுதான் குற்றவாளி.

அடுத்தது விளக்குச் சோதனை. இருட்டில் பெரிய விளக்கைப் போட்டுவிட்டுச் சாவியைத் திருப்புங்கள். ஒளி அடியோடு மங்கிப் போனால் பாட்டரியையும் முனைகளையும் பாருங்கள். அவை நன்றாயிருந்தால் மோட்டார் இறுகிப் போயிருக்கலாம். ஒளி கொஞ்சமும் குறையாமல் பிரகாசமாகவே நின்றால், ஸ்டார்ட்டர் மின்சாரத்தை வாங்கவே இல்லை என்று அர்த்தம். இதற்குக் காசு செலவில்லை.

மீட்டர் ஒன்று இருந்தால் சந்தேகமே இராது. கிளைக்கு ஒரு மீட்டர் வாங்கிப் பொதுவில் வைக்கலாம் என்பது என் யோசனை. செயலாளர் கவனிக்க வேண்டும். இரவு முழுதும் சும்மா நின்ற பாட்டரி 12.6 வோல்ட் காட்டினால் நிறைந்திருக்கிறது. 12 வோல்ட்டுக்கு வந்துவிட்டால் பெரும்பாலும் காலி. ஸ்டார்ட்டர் சுற்றும்போது 9.6 வோல்ட்டுக்குக் கீழே இறங்கினால் பாட்டரியைச் சந்தேகியுங்கள். பிறகு மீட்டரின் ஒரு முனையைப் பாட்டரியின் கழித்தல் முனையிலும் மற்றதை எஞ்சின் உடம்பிலும் வைத்து, ஒருவர் சாவியைத் திருப்ப, மற்றவர் பார்க்க வேண்டும். அரை வோல்ட்டுக்கு மேல் காட்டினால் எஞ்சினுக்கும் பாட்டரிக்கும் நடுவே உள்ள எர்த் கம்பி கெட்டிருக்கிறது.

இந்த எர்த் கம்பியைப் பற்றி ஒரு சம்பவம் சொல்லியாக வேண்டும். எனக்குத் தெரிந்த வெட்டுக்காரத் தோழர் ஒருவர் பழைய சாகா வைத்திருந்தார். ஒரு நாள் "டக்" என்றது. பட்டறையில் ஸ்டார்ட்டரை மாற்றினார்கள். பத்து நாளில் மறுபடியும் "டக்". இந்தத் தடவை பாட்டரியை மாற்றினார்கள். அடுத்த மழையில் திரும்பவும் அதே கதை. மூன்றாம் முறை, எங்கள் லயத்துப் பையன் ஒருவன் வண்டிக்கு அடியில் படுத்து, எஞ்சினிலிருந்து சட்டத்துக்குப் போகும் பின்னல் கம்பியை இழுத்துப் பார்த்தான். கையோடு வந்துவிட்டது. மேலே கறுப்பு, உள்ளே முழுக்கப் பச்சை. புதுக் கம்பிக்கு ஒரு நாள் சாப்பாட்டுச் செலவுகூட ஆகவில்லை. அந்த மாதம் அந்தத் தோழரின் வீட்டில் பள்ளிச் சப்பாத்து வாங்கவில்லை என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

பட்டறைக்காரர்கள் எல்லாரும் ஏமாற்றுக்காரர்கள் என்று நான் சொல்ல வரவில்லை. அவர்களும் கை கறுக்க உழைக்கிறவர்கள். பழுதைத் தேடுவதற்கு யாரும் கூலி தருவதில்லை, சாமானை மாற்றினால்தான் கூலி. அதனால் தேடாமல் மாற்றும் பழக்கம் வளர்ந்துவிட்டது. ஆகையால் நீங்கள் போகும்போதே, "எர்த் பார்த்தாயிற்று, பாட்டரி 12.6 காட்டுகிறது, சோலனாய்டு தட்டுகிறது, மோட்டார் சுற்றவில்லை" என்று சொல்லிப் பாருங்கள். பேச்சின் தோரணையே மாறிவிடும். விலையை முன்கூட்டியே எழுதி வாங்குங்கள். கழற்றிய பழைய சாமானைக் காட்டச் சொல்லுங்கள். அப்படியும் ஏமாற்றப்பட்டால், 1999-ஆம் ஆண்டுப் பயனீட்டாளர் பாதுகாப்புச் சட்டத்தின்படி அமைந்த நடுவர் மன்றம் இருக்கிறது. 50,000 வெள்ளி வரை கோரலாம், மனுக் கட்டணம் 5 வெள்ளி, வக்கீல் தேவையில்லை. ரசீது மட்டும் அவசியம். மனு எழுதக் கிராணித் தோழர்கள் கைகொடுக்க வேண்டும்.

சரி, கம்பிகளெல்லாம் நன்றாயிருக்கின்றன. கடைசிச் சோதனை ஸ்டார்ட்டரிலேயே. சோலனாய்டில் இரண்டு தடித்த போல்ட்டுகள் உண்டு: ஒன்று பாட்டரிப் பக்கம், மற்றது மோட்டார்ப் பக்கம். கியரை நியூட்ரலில் வைத்து, கைப்பிரேக் போட்டு, சாவியைத் திருப்பச் சொல்லிவிட்டு அளந்து பாருங்கள். மெல்லிய ஒயரில் மின்சாரம் வந்தும் "டக்" இல்லையா? சோலனாய்டு செத்துவிட்டது. "டக்" கேட்டும் மோட்டார்ப் பக்க போல்ட்டில் மின்சாரம் இல்லையா? உள்ளே தகடு தேய்ந்துவிட்டது. அங்கேயும் மின்சாரம் வந்து மோட்டார் அசையவில்லையா? அப்போதுதான், தோழர்களே, மோட்டார் குற்றவாளி. அப்போதுங்கூட முழு ஸ்டார்ட்டரும் மாற்ற வேண்டும் என்பதில்லை. பிரஷ், தகடு, புஷ் இவற்றைத் தனியாக மாற்றித் தரும் காயில் கட்டும் கடைகள் இருக்கின்றன. சுருள் வெந்து நாற்றம் அடித்தாலோ வெள்ளத்தில் ஊறித் துருப்பிடித்து இறுகிவிட்டாலோ முழுதாக மாற்றுங்கள். 2006 டிசம்பரிலும் 2007 ஜனவரியிலும் கோத்தா திங்கியை மூழ்கடித்ததே, அப்படிப்பட்ட வெள்ளத்தில் நின்ற வண்டியை விலை மலிவு என்று வாங்குகிறவர்கள் இதை முதலில் பார்க்க வேண்டும்.

மாற்றுகிறவர்கள் கவனத்துக்கு. பாட்டரியின் கழித்தல் முனையை முதலில் கழற்ற வேண்டும். கடைசியில் மாட்ட வேண்டும். இதை மறந்தால், ஸ்பானர் தடித்த கம்பியையும் சட்டத்தையும் ஒருங்கே தொட்ட கணத்தில் நெருப்புப் பறக்கும். பாட்டரிக்குப் பக்கத்தில் சுருட்டு, சிகரெட் கூடாது. அதிலிருந்து வரும் வாயு வெடிக்கக்கூடியது. அடியில் படுக்க நேர்ந்தால் ஜாக்கியை மட்டும் நம்பிப் படுக்காதீர்கள். ஈர மண்ணில் ஜாக்கி சரியும். தாங்கு கட்டையும் பலகையும் வையுங்கள், சக்கரத்துக்கு முட்டுக் கொடுங்கள். ஒயர்களை அவிழ்க்குமுன் எது எங்கே என்று கைத்தொலைபேசியில் படம் எடுத்துக்கொள்ளுங்கள்.

வாங்கிய ஸ்டார்ட்டரைப் பழையதன் பக்கத்தில் வைத்துப் பல்லை எண்ணுங்கள், போல்ட் துவாரத்தை ஒப்பிடுங்கள். சில வண்டிகளில் கை கியருக்கு ஒன்று, ஆட்டோ கியருக்கு வேறொன்று. மாட்டுவதற்கு முன்பே கடையில் மின்சாரம் கொடுத்துச் சுற்றிக் காட்டச் சொல்லுங்கள். பல்சக்கரம் முன்னே பாய்ந்து சுற்ற வேண்டும். மாட்டும்போது எஞ்சினில் அது உட்காரும் இடத்தைத் துருப் போகச் சுரண்டிவிடுங்கள். பல வண்டிகளில் ஸ்டார்ட்டருக்கு எர்த் அந்த வழியாகத்தான். பாட்டரி முனைகளைச் சுடுநீரில் ஆப்பச் சோடா கரைத்துக் கழுவி, துடைத்து, இறுக்கி, மேலே வாசலின் தடவுங்கள். நம் கடலோரக் காற்றுக்கு இதை இரண்டு மாதத்துக்கு ஒரு முறை செய்தால் நல்லது.

விடியற்காலையில் வண்டி நின்றுவிட்டால் என்ன செய்வது என்று ஒரு தாயார் கேட்டார்கள். "டக்" என்று ஒரு சத்தம் மட்டும் வந்தால், ஒருவர் சாவியைப் பிடித்திருக்க, மற்றவர் ஸ்டார்ட்டர் உடம்பில் மரக்கட்டையால் மெதுவாகத் தட்டலாம். தேய்ந்த பிரஷ் ஒரு கணம் ஒட்டி, எஞ்சின் கிளம்பக்கூடும். கியர் நியூட்ரலில் இருக்க வேண்டும், கையும் சேலைத் தலைப்பும் பெல்ட்டுப் பக்கம் போகக் கூடாது. கை கியர் வண்டியானால் இரண்டாவது கியரில் தள்ளியும் கிளப்பலாம். ஆட்டோ கியரில் அது நடவாது. இவையெல்லாம் அன்றைய பெரட்டுக்குப் போய்ச் சேர மட்டுமே. அன்று மாலையே பழுது பார்த்துவிடுங்கள்.

வெளியே வாசலில் ஒரு கஞ்சில் நிற்கிறது. அதன் எர்த் கம்பியை நான் வேண்டுமென்றே தளர்த்தி வைத்திருக்கிறேன். மீட்டரும் இருக்கிறது. தேநீர் குடித்துவிட்டு வாருங்கள். முதலில் பெண்கள் சோதித்துப் பார்க்கட்டும்.